பேரரசி ஜிதோவின் இடாப்பு

ஜப்பானிய அரசர்களின் வரிசையில் 41ஆவது பெயர் ஒரு பெண்ணுடையது. அவர்தான் ஜிதோ. 40ஆவது பெயர் அவருடைய கணவர் தெம்முவினுடையது. 42ஆவது பெயர் பேரன் மொம்முவினுடையது. இந்த மூன்று பெயர்களையும் அடுத்தடுத்துப் பார்த்தவுடன் ஒரு கதை தானாகவே மனதில் உருவாகிவிடும். கணவர் இறந்தார், பேரன் சிறுவன், அவன் வளரும்வரை பாட்டி சிம்மாசனத்தைப் பார்த்துக்கொண்டார். நான் முதன்முதலில் வாசித்த சிறு குறிப்பிலும் இவ்வளவுதான் இருந்தது.

ஆனால் அந்தக் குறிப்பின் கீழே சில ஆண்டுகள் கொடுக்கப்பட்டிருந்தன. 689இல் சட்டக்கோவை. 690இல் நாடு முழுவதற்கும் குடும்ப இடாப்பு. 692இல் காணிப் பங்கீட்டுக்கு உத்தியோகத்தர் அனுப்பப்பட்டமை. 694இல் புதிய தலைநகரம். சும்மா ஆசனத்தைப் பார்த்துக்கொண்டிருப்பவருக்கு எதற்கு இத்தனை வேலை என்று எனக்குத் தோன்றியது. ஓர் அரசனைப் பற்றிப் படிக்கும்போது அவன் என்ன செய்தான் என்று கேட்கிறோம். ஓர் அரசியைப் பற்றிப் படிக்கும்போது அவள் எப்படி ஆட்சிக்கு வந்தாள் என்று கேட்பதோடு பெரும்பாலும் நின்றுவிடுகிறோம். ஆகவே இக்கட்டுரையில் இரண்டாவது கேள்வியைச் சுருக்கமாக முடித்துவிட்டு முதலாவது கேள்விக்குக் கூடுதலான இடம் கொடுக்க விரும்புகிறேன்.

அவருடைய இயற்பெயர் உனோ. பிறந்தது 645ஆம் ஆண்டு. (அப்போது மதீனாவில் கலீபா உஸ்மான் (ரழி) அவர்களின் ஆட்சி நடந்துகொண்டிருந்தது. உலக வரலாற்றில் எந்த இடத்தில் நிற்கிறோம் என்பதை நினைவில் வைத்துக்கொள்ள எனக்கு இது உதவியது.) அதே 645இல்தான் அவருடைய தந்தையான இளவரசர் நாக்கா நோ ஓயே, அரசவையை ஆட்டிப்படைத்த சோகா குலத்தின் தலைவனை அரண்மனைக்குள்ளேயே வெட்டிச் சாய்த்து அதிகாரத்தைக் கைப்பற்றினார். பின்னாளில் தென்ஜி என்ற பெயரில் அரசரானவர் இவரே. உனோவின் தாய்வழிப் பாட்டனாரும் சோகா குலத்தவர்தான், ஆனால் தென்ஜியின் பக்கம் நின்றவர். அப்படி நின்றும் பயனில்லை. 649இல் அவர்மீது துரோகக் குற்றம் சுமத்தப்பட்டது. அவர் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். குற்றச்சாட்டு பொய் என்பது பிறகுதான் தெரியவந்தது. அந்தத் துக்கத்தில் உனோவின் தாயும் இறந்ததாகப் பழைய வரலாற்று நூல் கூறுகிறது. அரண்மனையில் ஒரு சந்தேகம் எவ்வளவு விரைவாக ஒரு குடும்பத்தை அழிக்கும் என்பது உனோவுக்குச் சின்ன வயதிலேயே தெரிந்திருக்கும். இதை மறக்காமல் வைத்துக்கொள்ள வேண்டும். ஏனென்றால் பிற்காலத்தில் அதே ஆயுதம் அவருடைய கையிலும் இருந்தது.

அக்கால ஜப்பானியக் கணக்கின்படி 13 வயதில் அவர் தம் தந்தையின் தம்பியான இளவரசர் ஓஆமாவுக்கு மணமுடித்துக் கொடுக்கப்பட்டார். மூத்த சகோதரி ஓட்டாவும் அதே இளவரசரின் மனைவிதான். நமது மார்க்கத்தில் இவை விலக்கப்பட்ட உறவுகள். அன்றைய அரண்மனையிலோ அரச இரத்தம் வெளியே போகாமல் இருக்க இதுவே வழக்கம். சகோதரிகள் இருவருக்கும் ஆளுக்கொரு மகன் பிறந்தான். உனோவின் மகன் குசகாபே, ஓட்டாவின் மகன் ஓட்சு. குசகாபே 662இல் பிறந்தது தலைநகரில் அல்ல, தெற்கே கியூஷூத் தீவின் வடகரையில். அரச குடும்பம் ஏன் அங்கே போனது என்பதில்தான் நமது விடயம் தொடங்குகிறது.

கொரியத் தீபகற்பத்தில் ஜப்பானின் நட்பு நாடான பெக்ஜே, சீனாவின் தாங் பேரரசாலும் சில்லா என்ற இன்னொரு கொரிய அரசாலும் வீழ்த்தப்பட்டிருந்தது. அதை மீட்டெடுக்க ஜப்பான் படை அனுப்பியது. 663இல் பெக் ஆற்றின் முகத்துவாரத்தில் நடந்த சண்டையில் ஜப்பானின் 400 கப்பல்கள் எரிக்கப்பட்டதாகச் சீன வரலாறு சொல்கிறது. அதன் பிறகு தாங் படை எந்த நாளும் கடல் கடந்து வரலாம் என்ற அச்சம் பிடித்துக்கொண்டது. கியூஷூவில் மண் அணையும் மலைக்கோட்டைகளும் கட்டினார்கள். தலைநகரைக்கூட 667இல் பிவா ஏரிக்கரைக்கு மாற்றினார்கள்.

கோட்டை கட்டுவது சுலபம். கடினமான கேள்வி வேறு. படைக்கு எத்தனை பேரைத் திரட்டலாம்? எந்த ஊரில் எத்தனை ஆண்கள் இருக்கிறார்கள்? எவ்வளவு நெல் கிடைக்கும்? அரசருக்கு இதற்கு விடை தெரியாது. அன்றைய ஜப்பானில் மக்கள் அரசரின் குடிகளாக இருக்கவில்லை. ஒவ்வொரு குலத் தலைவனுக்கும் கீழே அவனுடைய ஆட்கள் இருந்தார்கள். ஆள் வேண்டுமானால் அரசர் அந்தத் தலைவர்களிடம்தான் கேட்க வேண்டும். 670இல் தென்ஜி ஒரு குடும்ப இடாப்பைத் தயாரித்தார். இந்த முதல் அடியை எடுத்து வைத்தவர் அவரே என்பதை நேர்மையாகச் சொல்லத்தான் வேண்டும். ஆனால் அடுத்த ஆண்டே அவர் நோய்வாய்ப்பட்டு இறந்தார்.

அதன்பின் நடந்தது வாரிசுப் போர். தென்ஜியின் மகனுக்கும் தம்பி ஓஆமாவுக்கும் இடையிலான போட்டி அது. ஓஆமா துறவு பூண்டு யொஷினோ மலைக்கு ஒதுங்கியபோது உனோவும் உடன் போனார். 672இல் அங்கிருந்து புறப்பட்டு மலைப்பாதைகளால் கிழக்கு நோக்கித் தப்பிச் சென்றபோதும் உடன் இருந்தார். உனோவின் பக்கத்திலிருந்து பார்த்தால் எதிரணியில் இருந்தவர் அவருடைய சொந்தத் தந்தையின் மகன். ஒரு மாத காலத்தில் ஓஆமா வென்றார். 673இல் தெம்மு என்ற பெயரில் அரசரானார். உனோ பட்டத்தரசியானார்.

தெம்மு தமது ஆட்சியில் பெரிய அமைச்சர் எவரையும் நியமிக்கவில்லை. குலத் தலைவர்களின் கையில் மீண்டும் அதிகாரம் போய்விடக் கூடாது என்பதற்காக மனைவியையும் மகன்மாரையும் வைத்துக்கொண்டே ஆண்டார். 681ஆம் ஆண்டு இரண்டாம் மாதம், புதிய சட்டக்கோவை ஒன்றை வகுக்கும் பணியைத் தொடங்கும்படி கட்டளையிட்ட அன்று அரசரும் அரசியும் சேர்ந்தே சபா மண்டபத்துக்கு வந்தார்கள் என்று 'நிஹோன் ஷொகி' பதிவு செய்திருக்கிறது. 720இல் எழுதி முடிக்கப்பட்ட 30 பாகங்கள் கொண்ட அந்த நூலே ஜப்பானின் முதல் அதிகாரபூர்வ வரலாறு. அதன் கடைசிப் பாகம் முழுவதும் ஜிதோவைப் பற்றியது. 686இல் தெம்மு படுக்கையில் விழுந்தபோது, நாட்டின் காரியங்கள் பெரிதோ சிறிதோ அனைத்தையும் அரசியிடமும் முடிக்குரிய இளவரசரான குசகாபேயிடமும் அறிவிக்க வேண்டும் என்று ஆணை பிறந்தது. ஆகவே கணவர் இறந்த பிறகு திடீரென்று ஆட்சியைக் கற்றுக்கொண்டவர் அல்லர் இவர்.

அந்த ஆண்டு ஒன்பதாம் மாதம் தெம்மு காலமானார். ஒரு மாதம்கூட முடிவதற்குள் இளவரசர் ஓட்சு கைது செய்யப்பட்டார். மறுநாளே அவருக்கு மரணம் விதிக்கப்பட்டது. குற்றம் அரச துரோகம். வயது 24. இறந்துபோன சொந்த சகோதரியின் மகன். அவருடைய மனைவி தலைவிரி கோலமாக, வெறுங்காலுடன் ஓடிச்சென்று அவருடனேயே உயிர்விட்டாள் என்றும், பார்த்தவர்கள் எல்லோரும் அழுதார்கள் என்றும் அந்த வரலாற்று நூலே எழுதுகிறது. ஓட்சு பேச்சிலும் எழுத்திலும் வல்லவர், தென்ஜிக்குப் பிரியமானவர் என்றும் புகழ்கிறது. அரசவை எழுதுவித்த நூல் ஒரு துரோகியை இப்படிப் புகழ்வது வழக்கமா?

அவருடன் 30க்கும் மேற்பட்டோர் பிடிக்கப்பட்டனர். அவர்களில் ஒருவர் நாடு கடத்தப்பட்டார். ஒரு கொரியத் துறவி தொலைவிலுள்ள விகாரை ஒன்றுக்கு அனுப்பப்பட்டார். மற்றவர்கள் அனைவரும் விடுவிக்கப்பட்டனர். உண்மையான சதியென்றால் சதிகாரர்களை இவ்வளவு எளிதாக விட்டிருப்பார்களா என்று பல ஆய்வாளர்கள் கேட்கிறார்கள். எனக்கும் அப்படித்தான் படுகிறது. ஓட்சு திறமையானவர், குசகாபேக்குப் போட்டியாக வரக்கூடியவர். அவரை அகற்றுவதுதான் நோக்கம், மற்றவர்கள் தேவைப்படவில்லை. பெண் ஒருவர் ஆட்சி செய்தார் என்பதற்காக இந்தப் பக்கத்தை நான் கிழித்துவிட்டு எழுதினால் அது வரலாறாக இருக்காது.

அத்தனையும் எந்த மகனுக்காக நடந்ததோ அந்த மகன் 689ஆம் ஆண்டு நான்காம் மாதம் அரியணை ஏறாமலே இறந்துபோனார். பேரனுக்கு அப்போது 7 வயது.

இந்த இடத்தில் நான் வாசிப்பதை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் யோசித்தேன். காத்திருப்பதற்கு ஆளில்லாமல் போய்விட்டது. இனி என்ன செய்வார்? விடை அந்த நூலின் அடுத்த சில வரிகளிலேயே இருக்கிறது. மகன் இறந்து இரண்டு மாதங்களில், அதாவது ஆறாம் மாதம், 681இல் தொடங்கப்பட்ட சட்டக்கோவையின் 22 பாகங்களும் எல்லா அலுவலகங்களுக்கும் விநியோகிக்கப்பட்டன. இதுவே கியோமிஹாரா சட்டக்கோவை எனப்படுகிறது. துக்கத்தில் இருந்த தாய் ஒருவரின் பெயரால் இந்தக் கட்டளை வெளிவந்தது. அதே ஆண்டு, குடும்ப இடாப்புத் தயாரிக்கும்படி மாகாண ஆளுநர்களுக்கு ஆணை போனது. அத்துடன் ஒவ்வொரு மாகாணத்திலும் படைக்குரிய ஆண்களில் நான்கில் ஒரு பங்கினருக்குப் போர்ப் பயிற்சி கொடுக்க வேண்டும் என்றும் சொல்லப்பட்டது. (வருடக் கடைசியில் பகடை உருட்டும் சுகோரோக்கு விளையாட்டும் தடை செய்யப்பட்டது. இது பெரிய விடயமல்ல, ஆனாலும் எதையும் விட்டுவைக்காத அரசியின் சுபாவம் இதில் தெரிகிறது.) மறு ஆண்டு, 690இன் முதல் மாதத்தில், அவர் முறைப்படி முடிசூடினார்.

690இன் இடாப்பு ஏன் இவ்வளவு முக்கியம் என்பதை விளக்க வேண்டும். நம் ஊரில் கிராம உத்தியோகத்தர் வீடு வீடாக வந்து வாக்காளர் இடாப்புக்குப் பெயர் எழுதும்போது அதை ஒரு பெரிய விடயமாக யாரும் நினைப்பதில்லை. ஆனால் ஒரு மனிதனின் பெயரை முதன்முதலாக அரசாங்கத்தின் தாளில் எழுதுவது என்பது, அவனை அவனுடைய குலத் தலைவனின் கையிலிருந்து எடுத்து அரசின் கையில் வைப்பதாகும். இன்ன குலத்தானின் ஆள் என்று இருந்தவன் இப்போது இன்ன மாகாணத்தில், இன்ன பிரிவில், இன்ன கிராமத்தில், இன்ன வீட்டில் இருப்பவன் ஆகிறான். 690க்குப் பிறகு இந்த இடாப்பை 6 ஆண்டுகளுக்கு ஒரு தடவை புதுப்பிக்கும் முறை நிலைத்தது. தென்ஜியின் இடாப்பு ஒரு தடவை செய்யப்பட்டது. ஜிதோவின் இடாப்பிலிருந்துதான் அது ஓர் ஒழுங்காக மாறியது. இரண்டுக்கும் உள்ள இந்த வித்தியாசத்தைத்தான் நான் அரசாங்கம் என்று சொல்வேன்.

இடாப்பு இருந்தால்தான் காணியைப் பங்கிட முடியும். 692இல் தலைநகரைச் சூழ்ந்த நான்கு மாகாணங்களுக்கும் காணிப் பங்கீட்டு உத்தியோகத்தர்கள் அனுப்பப்பட்டார்கள். இம்முறையின் முழு விதிகளும் 701இன் தைஹோ சட்டக்கோவையின் வழியாக நமக்குத் தெரிகின்றன. 6 வயதான ஒவ்வோர் ஆணுக்கும் 2 தன் அளவு வயல், அதாவது அரை ஏக்கருக்குச் சற்று அதிகம். பெண்ணுக்கு அதில் மூன்றில் இரண்டு பங்கு. ஆள் இறந்தால் காணி அரசுக்குத் திரும்பிவிடும். பெண்ணுக்குக் குறைவுதான், ஆனால் அவளுடைய பெயரிலேயே கிடைத்தது, தந்தை அல்லது கணவன் பெயரில் அல்ல. துணியாகவும் ஊர்ப் பொருட்களாகவும் தலைநகருக்குச் செலுத்த வேண்டிய கடும் வரி ஆண்கள்மீதே விழுந்தது. அவற்றைத் தோளில் சுமந்து நடந்து போனவர்களும் அவர்களே. இதனால் பிற்காலத்தில் ஒரு வேடிக்கை நடந்தது. 902ஆம் ஆண்டின் அவா மாகாண இடாப்பைப் பார்த்தால் ஊரெல்லாம் பெண்களாகவே இருக்கிறார்கள், ஆண்களைக் காண்பதே அரிது! வரிக்குப் பயந்து ஆண்களைப் பெண்களாக எழுதிவிட்டார்கள் என்பதே ஆய்வாளர்களின் முடிவு.

ஆக, இந்த இடாப்பு ஏழை விவசாயிக்குக் காணியையும் கொடுத்தது, சுமையையும் கொடுத்தது. எது அதிகம் என்று கேட்டால் சுமை என்றுதான் நான் சொல்வேன்.

உத்தியோகத்தர்களும் கணக்கெடுப்புக்குத் தப்பவில்லை. 690இல் வெளிவந்த ஆணையின்படி பதவித்தரம் உள்ளவர்கள் 6 ஆண்டுகளுக்கு ஒரு தடவையும் தரமில்லாதவர்கள் 7 ஆண்டுகளுக்கு ஒரு தடவையும் மதிப்பிடப்பட்டு ஒன்பது வகுப்புகளாகப் பிரிக்கப்பட வேண்டும். முக்கியமாகப் பார்க்கப்பட்டது எத்தனை நாட்கள் வேலைக்கு வந்தார்கள் என்பது. எங்கள் வகுப்பு வரவு இடாப்பை நினைத்துக்கொண்டேன். முன்பு ஒருவனின் பதவியை அவனுடைய குலம் தீர்மானித்தது. இப்போது குலத்தோடு வரவு நாட்களும் சேர்ந்துகொண்டன. பெரிய குடும்பத்தார் பெரிய இடத்திலேயே இருந்தார்கள் என்பது உண்மை. ஆனாலும் அவர்களும் காலையில் நேரத்துக்கு வர வேண்டியிருந்தது.

அதே ஆண்டு தெம்முவின் இன்னொரு மகனான தாக்கெச்சியை, மூத்தவரும் போரில் படை நடத்தியவருமான அவரை, ஜிதோ பிரதம அமைச்சராக நியமித்தார். தாக்கெச்சியின் தாய் சிறிய குலத்தவர் என்பதால் அரியணைக்கு அவர் முன்வரிசையில் இல்லை. திறமையுள்ள, ஆனால் ஆபத்தில்லாத ஒருவரைத் தேர்ந்தெடுத்து அருகில் வைத்துக்கொண்டார். ஓட்சுவின் விடயத்திலிருந்து இதுவரை அவர் வெகுதூரம் வந்திருந்தார் என்று நினைக்கிறேன்.

690இல் இன்னொரு சம்பவமும் நடந்தது. ஓட்டோமோபே நோ ஹகமா என்ற சாதாரணப் படைவீரர் ஒருவர் ஏறத்தாழ 30 ஆண்டுகளுக்குப் பின் நாடு திரும்பினார். பெக்ஜேக்குப் போன படையில் இருந்த அவர் தாங் படையிடம் சிக்கிச் சீனாவில் கைதியாக இருந்தார். அவருடன் இருந்த நான்கு பேர், தாங் அரசு ஜப்பானுக்கு எதிராகத் திட்டமிடுவதை அறிந்து, அதை ஊருக்குச் சொல்ல வழியில்லாமல் தவித்தார்கள். உடுக்க உடையும் இல்லை, உண்ண உணவும் இல்லை. தன்னை அடிமையாக விற்று அந்தப் பணத்தில் போகும்படி ஹகமா சொன்னார். அப்படியே நடந்தது. மற்றவர்கள் திரும்பினார்கள். அவர் மட்டும் அங்கேயே தங்கினார். ஜிதோ அவருக்குப் பதவித்தரம், பட்டு, துணி, 1000 கட்டு நெல், 4 சோ வயல் ஆகியவற்றைக் கொடுத்தார். அந்த வயல் கொள்ளுப்பேரன் காலம்வரை அவர்களுக்கே. நான் கணக்குப் பார்த்தேன். 4 சோ என்றால் 40 தன், பின்னாளைய சட்டத்தில் ஓர் ஆணுக்குக் கிடைத்ததைப் போல 20 மடங்கு.

இதை வாசித்துக் கண் கலங்கியவள், அடுத்த ஆண்டின் ஆணையை வாசித்துத் திகைத்துப்போனேன். 691இல் அடிமைகள் பற்றி ஜிதோ ஒரு தீர்ப்பு வழங்கினார். அண்ணன் தம்பியை விற்றால் அந்தத் தம்பி சுதந்திரமானவன். கடனுக்கு வட்டி ஏறி அடிமையானவனும் சுதந்திரமானவன். இதுவரை நல்லதே. ஆனால் பெற்றோர் விற்ற பிள்ளை அடிமையே. பெற்றோரின் அதிகாரத்தில் கைவைக்க அந்த அரசு விரும்பவில்லை. தானே தன்னை விற்றவருக்கு 4 சோ வயல், விற்கப்பட்ட குழந்தைக்கு ஒன்றுமில்லை. இரண்டு ஆணைகளும் ஒரே அரசியுடையவை.

அவருக்கு எதிராகப் பேசியவர்களும் இருந்தார்கள். 692 வசந்த காலத்தில் அவர் இசேக்குப் பயணம் போகத் தீர்மானித்தபோது, இது விவசாய வேலை நடக்கும் காலம், அரச பயணத்தால் மக்களின் வேலை கெடும் என்று மிவா நோ தாக்கெச்சிமரோ என்ற உயர் உத்தியோகத்தர் தடுத்தார். கேட்கப்படவில்லை. இரண்டாம் தடவை தமது பதவித் தொப்பியைக் கழற்றிக் கையில் கொடுத்துவிட்டு மீண்டும் எடுத்துச் சொன்னார். அப்போதும் ஜிதோ போகத்தான் செய்தார். ஆனால் அவர் கடந்து சென்ற மாகாணங்களுக்கு அந்த ஆண்டு வரி விலக்கு அளித்தார். அரசி பிடிவாதக்காரி என்பது இதில் தெரிகிறது. தொப்பியைக் கழற்றியவர் சொன்னதில் நியாயம் இருந்தது என்பது அவருக்குத் தெரிந்தே இருந்தது என்பதும் தெரிகிறது. மறு ஆண்டு, நெல் பொய்த்தாலும் மக்கள் பிழைத்துக்கொள்ளும்படி மல்பெரி, சணல், பேரி, செஸ்நட், டர்னிப் முதலியவற்றை நடும்படி நாடெங்கும் அறிவித்ததையும் இதனுடன் சேர்த்துப் பார்க்கலாம்.

இனி தலைநகரம். அதுவரை ஜப்பானில் அரசர் இறந்தால் அடுத்தவர் புதிய இடத்தில் அரண்மனை கட்டிக்கொள்வது வழக்கம். மரத்தூண்களை மண்ணில் நட்டு, கூரை வேய்ந்த கட்டிடங்கள் அவை. இடாப்புகளையும் சட்டக்கோவையையும் நூற்றுக்கணக்கான எழுத்தர்களையும் வைத்துக்கொண்டு ஒவ்வொரு தடவையும் இப்படி இடம் மாற முடியுமா? 694இல் ஜிதோ குடியேறிய புஜிவாரா நகரம் ஒருவரின் வீடாகக் கட்டப்படவில்லை, அரசாங்கத்தின் வீடாகக் கட்டப்பட்டது. திட்டம் தெம்மு காலத்தது, கட்டி முடித்தவர் ஜிதோ. உனேபி, காகு, மிமினாஷி என்ற மூன்று சிறு மலைகளின் நடுவே, நேரான வீதிகள் குறுக்கும் நெடுக்கும் ஓட, ஒவ்வொரு பக்கமும் 5 கிலோமீற்றருக்கு மேல் நீண்ட நகரம் அது. ஓடு வேய்ந்த முதலாவது ஜப்பானிய அரண்மனையும் அங்கேதான் எழுந்தது. அதுவரை ஓடு என்பது பௌத்த விகாரைகளுக்கு உரியது.

அந்த நகரத்தில் ஒரு விசித்திரம் உண்டு. சீனத் தலைநகர் சாங்ஆனில் அரண்மனை வடக்கு ஓரத்தில் இருந்தது. புஜிவாராவிலோ அது நகரத்தின் நடுவில் இருக்கிறது. 669 முதல் 702 வரை ஜப்பான் சீனாவுக்குத் தூதர்களை அனுப்பவில்லை. அதனால் பழைய சீன நூல்களில் சொல்லப்பட்ட இலட்சிய நகரத்தை வாசித்தே கட்டியிருப்பார்கள் என்று கருதப்படுகிறது. நூலைப் பார்த்து நகரம் கட்டியதில் குறைகளும் வந்தன. தெற்கிலிருந்து வடக்கே சரிந்த நிலமாதலால் அழுக்கு நீர் அரண்மனைப் பக்கமே ஓடியிருக்கும் என்கிறார்கள். 16 ஆண்டுகளில், 710இல், தலைநகரம் நாராவுக்கு மாறியது.

இன்று அந்த இடம் நாரா மாகாணத்தின் கஷிஹாரா நகரில் வெட்டவெளியாகக் கிடக்கிறது. ஆனால் மண்ணுக்கடியில் ஆயிரக்கணக்கான மரச்சீவல்கள் கிடைத்திருக்கின்றன. காகிதம் விலை உயர்ந்த காலத்தில் வரி மூட்டைகளில் கட்டும் துண்டும் அலுவலகக் குறிப்பும் எழுதப்பட்டது இந்தச் சீவல்களில்தான். அவை ஒரு பெரிய விவாதத்தையும் தீர்த்து வைத்தன. ஜப்பானில் மாவட்டங்கள் 646ஆம் ஆண்டிலேயே முழுமையாக அமைக்கப்பட்டுவிட்டன என்பது போல 'நிஹோன் ஷொகி' எழுதியிருந்தது. அதில் மாவட்டத்துக்கு ஒரு குறிப்பிட்ட சீன எழுத்து பயன்படுத்தப்பட்டிருக்கிறது. 1960களில் கிடைத்த புஜிவாராச் சீவல்களிலோ 701க்கு முன் எழுதப்பட்டவை அனைத்திலும் வேறோர் எழுத்தே இருந்தது. நூலை எழுதியவர்கள் தங்கள் காலத்துச் சொல்லைப் பழைய ஆணையில் புகுத்திவிட்டார்கள் என்பது வெளியாயிற்று. 646இல் ஆண்கள் சிலர் ஒரே நாளில் அமைத்துவிட்டதாகச் சொல்லப்பட்ட அரசாங்கம், உண்மையில் அரை நூற்றாண்டாக மெல்ல மெல்லக் கட்டப்பட்டது. அதில் மிகக் கடினமான பகுதி ஜிதோவின் ஆண்டுகளில் விழுகிறது. இதைக் காட்டிக் கொடுத்தது ஒரு மூட்டைத் துண்டு!

697இல் பேரனுக்கு 15 வயதானபோது ஜிதோ அரியணையை அவரிடம் ஒப்படைத்தார். முன்வரிசையில் இருந்த வேறு இளவரசர்களைத் தாண்டித்தான் அந்தச் சிறுவன் வந்தான். ஆனால் ஜிதோ ஒதுங்கவில்லை. 'தைஜோ தென்னோ', அதாவது ஓய்வுபெற்ற பேரரசர் என்ற பட்டத்தை முதன்முதலில் ஏற்றுப் பேரனுடன் சேர்ந்து ஆண்டார். 701இல் தைஹோ சட்டக்கோவை நிறைவேறியது. 702இல், 33 ஆண்டுகளுக்குப் பின், சீனாவுக்குத் தூதுக்குழு புறப்பட்டது. அவர்கள் தங்கள் நாட்டின் பெயரை 'நிஹோன்' என்று சீன அரசவையில் அறிவித்தார்கள். அங்கே அவர்களை வரவேற்ற ஆட்சியாளரும் ஒரு பெண்தான், பேரரசி வூ. தற்செயல்தான், ஆனாலும் இதை எழுதாமல் விட மனம் வரவில்லை.

ஜிதோவை இடைக்கால ஆட்சியாளர் என்று அழைப்பவர்களுக்கும் ஓர் ஆதாரம் இருக்கிறது. தம் மகனின் வழியில் மட்டுமே ஆட்சி போக வேண்டும் என்பதில் அவர் உறுதியாக இருந்தார். அதை மறுக்க முடியாது. அவருக்குப் பின் அந்த நூற்றாண்டில் இன்னும் மூன்று பெண்கள் ஆண்டார்கள். அவர்களில் ஒருவர் இரண்டு தடவை ஆண்டார். ஆனால் தந்தை வழியாக மகனுக்கு என்ற வாரிசு முறைக்கு வலுச் சேர்த்தவர்களில் ஜிதோவே முக்கியமானவர். 1889இல் மெய்ஜி அரசு அரச குடும்பச் சட்டத்தை எழுதியபோது பெண்களுக்கு அரியணையே இல்லை என்று தீர்மானித்தது. 1947இன் சட்டமும் அதை மாற்றவில்லை. தமது பேரனுக்காக அவர் திறந்துவிட்ட வழியில் அவரைப் போன்ற ஒருத்தி இன்று நடக்க முடியாது.

702ஆம் ஆண்டின் கடைசி மாதத்தில் அவர் இறந்தார். ஜப்பானிய ஆட்சியாளர்களில் முதன்முதலில் தகனம் செய்யப்பட்டவர் அவரே. சாம்பல் ஒரு வெள்ளிக் கலசத்தில் இடப்பட்டு, அசுகாவில் கணவரின் கல்லறைக்குள் வைக்கப்பட்டது. 1235இல் கள்வர்கள் அந்தக் கல்லறையை உடைத்தார்கள். வெள்ளிக் கலசத்தை எடுத்துக்கொண்டு உள்ளே இருந்ததை வழியில் கொட்டிவிட்டார்கள் என்று கேள்விப்பட்டுக் கவிஞர் புஜிவாரா நோ தெய்க்கா தம் நாட்குறிப்பில் மனம் நொந்து எழுதியிருக்கிறார்.

அவர் இறந்த 702ஆம் ஆண்டு இடாப்பு எழுதும் ஆண்டாகவும் இருந்தது. மினோ மாகாணத்திலும் கியூஷூவிலும் அப்போது எழுதப்பட்ட தாள்கள் சில இன்றும் இருக்கின்றன. பின்பக்கம் வெறுமையாக இருந்ததால் நாராவில் தோதாய்ஜி விகாரையின் அலுவலகத்தில் கணக்கெழுத அவற்றை மீண்டும் பயன்படுத்தினார்கள். அதனால் அவை விகாரையின் பொருட்களோடு ஷொசோஇன் களஞ்சியத்துக்குள் போய்த் தப்பின. 1300 ஆண்டுகளுக்கு முன் வயலில் வேலை செய்த பெண்கள் அதில் பெயரோடும் வயதோடும் வரிசையாக இருக்கிறார்கள்.